அந்தோனியார் ஒளித்துவைத்த கிரேக்கப் புத்தகங்கள்

கண்டக்குழி மணற்பாதையில் மாட்டைத் திட்டக் கூடாது என்பது இன்னாசித்தம்பி முதலியாரின் கட்டளை. திட்டாமல் வண்டியை எப்படி நகர்த்துவது என்பதை மட்டும் அவர் சொல்லித் தரவில்லை. அதனால் வண்டிக்காரன் சுஹைர் மரியாதைக்கு மாறியிருந்தான்.

"சுல்தான் அவர்களே, தாங்கள் பெரிய மனது பண்ணி அந்த இடது காலைத் தூக்கி முன்னால வச்சீங்க எண்டால், நாங்க இண்டைக்கே போய்ச் சேரலாம்."

சுல்தான் காதை ஆட்டியது. காலை ஆட்டவில்லை.

"பார்த்தீங்களா முதலியார்? மரியாதை குடுத்தால் இதுதான் நடக்கும்."

"பொறு தம்பி. அது யோசிக்கிது."

"அது யோசிச்சு முடிக்க முன்னம் உபதேசியாரைப் புத்தளம் மறியலில கொண்டுபோய்ப் போட்டிருவாங்க."

அந்தச் சொல் முதலியாருக்குச் சுட்டது. கோட்டைக் கழற்றி மடித்து வைத்துவிட்டு இறங்கினார். நரைத்த தலையைக் குனிந்து சக்கரத்தில் தோளைக் கொடுத்தார். மனிதர் தள்ளுவதைப் பார்த்து வெட்கப்பட்டதோ என்னவோ, சுல்தான் நடக்கத் தொடங்கியது.

இன்னாசித்தம்பி முதலியார் சிலாபம் கோர்ட்டில் மொழிபெயர்ப்பாளராக இருந்து இளைப்பாறியவர். தமிழ், சிங்களம், இங்கிலீஷ் என்று மூன்று பாஷையிலும் சாட்சிக்காரர்களின் பொய்யைக் கேட்டு மூன்று பாஷையிலும் திருப்பிச் சொன்னவர். அவ்வளவு பொய் கேட்ட மனிதர் உலகத்தை வெறுத்திருக்க வேண்டும். இவரோ அதற்கு நேர்மாறு. கற்பிட்டியில் குடியேறிய பிறகு, கோர்ட்டுக்குக் கொண்டுபோக விரும்பாத சங்கதிகளை ஊரார் இவரிடம் கொண்டுவந்தார்கள். இவர் துப்பறியும் முறையும் புதினமானது. ஒரு களவு நடந்தால் முதலில் அதற்கு ஒரு நல்ல காரணத்தைத் தேடுவார். நல்ல காரணம் ஒன்றும் அகப்படாவிட்டால்தான் கெட்ட காரணத்துக்குப் போவார்.

"உங்களைப்போல நாலு பேர் இருந்தால் பொலிசுக்காரன் எல்லாரும் பட்டினி," என்று சுஹைர் பல தடவை சொல்லியிருக்கிறான். தில்லையடியில் பிறந்து, வாயையும் வண்டியையும் ஒன்றாக ஓட்டிப் பிழைப்பவன். ஆனாலும் முதலியார் கூப்பிட்டால் வேறு சவாரியை விட்டுவிட்டு வந்துவிடுவான். ஏன் என்று கேட்டால், மாட்டுக்கு அவரைப் பிடிக்கும் என்பான்.

இன்றைய சங்கதி இதுதான். கண்டக்குழிக் கோயிலில் செபம் சொல்லிக் கொடுக்கும் உபதேசியார் அன்ரனிப்பிள்ளை. அவர் மகள் யூஜீனியா விடியற்காலையிலேயே கற்பிட்டிக்கு வந்து முதலியாரின் முன்னால் அழுதாள். கொழும்பிலிருந்து வந்து கடற்கரையில் குடியிருக்கும் பேராசிரியர் மரியநாயகத்தின் புத்தகங்கள் காணாமற் போய்விட்டன. உபதேசியார்தான் எடுத்தார் என்று பேராசிரியர் ஊர்த் தலைமைக்காரரான விதானையாரிடம் முறையிட்டிருக்கிறார். மத்தியானம் விதானையார் வருவார். தகப்பனைப் புத்தளத்துச் சிறைக்குக் கொண்டுபோவார். கிறிஸ்துநாதர் உயிர்த்த பாஸ்குத் திருநாள் முடிந்ததும் யூஜீனியாவுக்குக் கலியாணம் என்று பேசி வைத்திருந்தார்கள். மறியலுக்குப் போன மனிதனின் மகளை எடுக்கச் சிலாபத்து மாப்பிள்ளை வீட்டார் வருவார்களா?

"கலியாணம் போனால் போகட்டும் ஐயா," என்று அந்தப் பெண் கண்ணைத் துடைத்துக்கொண்டு சொன்னாள். "அப்பாவைக் கள்வன் எண்டு ஒருத்தரும் சொல்லக் கூடாது."

முதலியார் அப்போதே கோட்டை எடுத்து மாட்டிக்கொண்டார்.

*

பேராசிரியர் மரியநாயகம் வாசலிலேயே நின்றார். சட்டைப் பொத்தான் ஒன்று மாறிப் பூட்டப்பட்டிருந்தது. ஒரு காலில் மட்டும் செருப்பு. கையில் ஒரு தாள்.

"ஐயா, மாட்டைப் பின்பக்கத்து முருங்கையில கட்டட்டா?" என்று சுஹைர் கேட்டான்.

"ஓம் ஓம்," என்றார் பேராசிரியர், தாளிலிருந்து கண்ணை எடுக்காமல்.

மாட்டைக் கட்டிவிட்டு அவன் உள்ளே வந்தபோது பேராசிரியர் அலுமாரியைத் திறந்து காட்டிக்கொண்டிருந்தார். மேல் தட்டிலும் கீழ்த் தட்டிலும் புத்தகங்கள் நெருக்கமாக நின்றன. நடுத்தட்டு வெறுமையாக இருந்தது.

"என்ட சீவியமே இதில இருந்தது முதலியார். கொழும்புக் கல்லூரியில கிரேக்கம் படிப்பிச்ச காலமெல்லாம் ஒவ்வொண்டாச் சேர்த்தது. பழைய கிரேக்க ஞானிகளைப் பற்றித் தமிழில ஒரு புத்தகம் எழுத வேணும் எண்டுதான் இந்தக் கடற்கரைக்கு வந்தன். உலகம் எல்லாம் தண்ணியிலயிருந்து வந்தது எண்டு ஒரு ஞானி சொன்னார். இல்ல, நெருப்புத்தான் எண்டு இன்னொருத்தர். எல்லாரும் போயிட்டாங்க!"

"தண்ணி எண்டவர் கண்டக்குழிக்காரராத்தான் இருக்கோணும்," என்றான் சுஹைர். "நெருப்பு எண்டவர் புத்தளம் வெயிலில நடந்தவர்."

பேராசிரியர் அவனை ஒரு தரம் நிமிர்ந்து பார்த்தார். அது கெட்டிக்காரத்தனமா, கேலியா என்று அவருக்கு விளங்கவில்லை.

"ஆரில சந்தேகம்?" என்று முதலியார் கேட்டார்.

"சந்தேகமே இல்ல. உபதேசியார்தான்! போன ஞாயிறு கோயிலில எல்லாருக்கும் முன்னால என்ன சொன்னார் தெரியுமா? கிறிஸ்துநாதர் பிறக்க முன்னம் செத்த அஞ்ஞானிகள்ட புத்தகத்தை ஊருக்குள்ள வச்சிருக்கிறபடியால்தான் வலையில மீன் விழயில்லையாம். செவ்வாய்க்கிழமை பார்த்தன், புத்தகம் இல்ல."

"மீன்?"

"அண்டைக்கே நெத்தலி குவிஞ்சிட்டுது," என்று பேராசிரியர் கசப்போடு சொன்னார். "கரையெல்லாம் அதுதான் கதை."

முதலியார் நடுத்தட்டில் விரலை ஓட்டினார். தூசி இல்லை. மேல் தட்டில் ஓட்டினார். விரல் கறுத்தது.

"கள்வன் தட்டைத் துடைச்சுவிட்டுப் போயிருக்கிறான்."

"அவன்ட விலாசம் கிடைச்சால் எனக்கும் சொல்லுங்க," என்றான் சுஹைர். "மாசத்துக்கு ஒருக்கா எங்கட வீட்டுக்கும் வரச் சொல்லோணும். என்ட பொஞ்சாதிக்குப் பெரிய உதவி."

முதலியார் கேட்காதவர்போல மேல் தட்டிலிருந்து ஒரு புத்தகத்தை எடுத்தார். புத்தம் புதிய அட்டை. "இதும் கிரேக்க ஞானிகளைப் பற்றித்தானே?"

பேராசிரியர் திடுக்கிட்டார். "ஓம். போன வருசம் லண்டனிலயிருந்து வந்தது."

"இதை ஏன் விட்டுவிட்டுப் போனான்? சரி, கிரேக்கம் இல்லாத புத்தகம் ஏதும் நடுத்தட்டில இருந்ததா?"

பேராசிரியர் நெற்றியைத் தடவினார். "குதிரை வளர்க்கிறதைப் பற்றி ஒரு பழைய புத்தகம். ஆரோ ஒரு துரை தந்தது. நான் திறந்ததே இல்ல… அதையும் காணயில்ல."

"கிரேக்கத்தில கோபம் உள்ளவன் குதிரையை எடுக்க மாட்டான். கிரேக்கத்தில ஆசை உள்ளவன் புதுப் புத்தகத்தை விட மாட்டான்," என்று முதலியார் தனக்குள் சொல்வதுபோலச் சொன்னார். பிறகு குந்தியிருந்து அலுமாரியின் காலடியில் பார்த்தார். மாவுபோல ஏதோ பழுப்பாகச் சிந்தியிருந்தது. அதில் கொஞ்சத்தைக் கைலேஞ்சித் துணியில் முடிந்துகொண்டார்.

மேசைமேல் பாதிப் பாண் ரொட்டியும் இரண்டு வாழைப்பழமும் இருந்தன.

"தவக்கால நோன்பு ஒறுத்தலா ஐயா?" என்று முதலியார் கேட்டார்.

"இல்ல, சோறு வரயில்ல."

"எங்கயிருந்து வரும்?"

"அது… வரும். மத்தியானம் பார்த்தால் மேசையில மூடி வச்சிருக்கும்."

"ஆர் கொண்டுவந்து வைக்கிறது?"

பேராசிரியர் மேசையைத் திரும்பிப் பார்த்தார். இத்தனை நாளும் அந்தக் கேள்வி அவருக்கு வந்ததே இல்லை என்று முகத்தில் தெரிந்தது. "ஒரு மனுசி எண்டு நினைக்கிறன்."

"எப்ப நிண்டது?"

"செவ்வாய்க்கிழமையிலயிருந்து."

அப்போது பின்பக்கத்தில் ஏதோ உரசும் சத்தம் கேட்டது. மூவரும் போய்ப் பார்த்தார்கள். சுல்தான் கயிற்றின் நீளத்துக்குக் கழுத்தை நீட்டி, பின் வாசற்படியை நக்கிக்கொண்டிருந்தது.

"இந்த மாடு எப்படி இங்க வந்தது?" என்று பேராசிரியர் அதிர்ந்தார்.

"ஐயாதானே கட்டச் சொன்னீங்க?"

"நானா?"

முதலியார் பேராசிரியரை ஒரு தரம் ஆழமாகப் பார்த்தார். பிறகு படியருகில் குனிந்தார். ஈரக் கூடை ஒன்றை வைத்து எடுத்த வட்டமான அடையாளம் அங்கே வெள்ளையாகப் பூத்திருந்தது. விரலில் தொட்டு நாக்கில் வைத்தார்.

"உப்பு," என்றார்.

"மாடு கண்டுபிடிச்சது," என்றான் சுஹைர். "சம்பளத்தில அதுக்கும் ஒரு பங்கு வைக்கோணும்."

*

உபதேசியார் அன்ரனிப்பிள்ளை கோயில் முற்றத்தில் மாற்றிக் கட்டுவதற்கான சாரம் ஒன்றைப் பொட்டலமாகக் கட்டி மடியில் வைத்துக்கொண்டு இருந்தார். செபமாலை கையில். மறியலுக்குப் புறப்பட ஆயத்தமாகிவிட்ட மனிதர்.

"பயப்படாதீங்க உபதேசியார்," என்றார் முதலியார். "நீங்க எடுக்கயில்ல எண்டு எனக்குத் தெரியும்."

"நான்தான் எடுத்தன்," என்றார் உபதேசியார்.

முன்னமே வீடு திரும்பியிருந்த யூஜீனியா வாயில் சேலைத் தலைப்பை வைத்து அழுத்திக்கொண்டாள். முதலியார் அவர் பக்கத்தில் குந்தினார்.

"சரி, எந்தக் கதவால போனீங்க?"

"நான் போகயில்ல."

"புத்தகம் இப்ப எங்க?"

"அது எனக்குத் தெரியாது."

"அப்ப ஆரை அனுப்பி எடுத்தீங்க?"

உபதேசியார் தலையைக் குனிந்தார். "அந்தோனியாரை."

"ஆர், வலை இழுக்கிற அந்தோனியா?" என்று சுஹைர் கேட்டான்.

"பதுவைப் பதியர் அர்ச்சியசிஷ்ட அந்தோனியார்," என்று உபதேசியார் கோயிலுக்குள் நின்ற புனிதரின் சிலையைக் காட்டிச் சொன்னார். "செவ்வாய்க்கிழமை அவருக்கு உரிய நாள். மெழுகுதிரி கொளுத்தி மன்றாடினன். சுவாமி, நீர் தொலைஞ்ச சாமானைக் கண்டுபிடிச்சுக் குடுக்கிறவர். கண்டுபிடிக்கத் தெரிஞ்சவருக்குத் தொலைக்கவும் தெரியும்தானே. அந்த அஞ்ஞானப் புத்தகங்களைத் தொலைச்சு விடும் எண்டு கேட்டன். பின்னேரம் புத்தகம் போயிட்டுது. மீனும் வந்துட்டுது. கேட்டது நான். அப்ப களவும் என்னுடையதுதானே முதலியார்?"

சுஹைர் அவசரமாகத் திரும்பிக் கோயில் மணியை உற்றுப் பார்க்கத் தொடங்கினான். அவன் தோள் குலுங்கியது. முதலியார் சிரிக்கவில்லை. அந்த மனிதரின் கையைப் பிடித்துக்கொண்டு, "அயலவன்ட பொருள் போக வேணும் எண்டு கேட்டது பிழைதான். அதைப் பாவசங்கீர்த்தனத்தில சுவாமியாரிட்டச் சொல்லுங்க. விதானையாரிட்டச் சொல்லுற பாவம் இது இல்ல," என்றார்.

ஆனால் உபதேசியார் விதானையாருக்கு ஏற்கெனவே சொல்லி அனுப்பிவிட்டார். மணல் தெறிக்க வந்து இறங்கிய விதானையார் அதைத்தான் முதலில் சொன்னார்.

"ஆள் ஒப்புக்கொண்டுட்டார் முதலியார். இனி நான் செய்ய ஒண்டும் இல்ல."

"முறைப்பாட்டில என்ன எழுதப் போறீங்க? அந்தோனியார் உடந்தை எண்டா?"

விதானையார் தொப்பியைக் கழற்றித் தலையைச் சொறிந்தார். "புத்தளத்துத் துரைக்கு இதெல்லாம் விளங்காது. ஒப்புக்கொண்ட ஆளை விட்டுட்டு வந்தன் எண்டால் என்ட தொப்பிதான் போகும். வேணுமெண்டால், நான் சோறு தின்னும் வரைக்கும் பொறுக்கிறன்."

ஊர் வழக்கம் அப்படி. அரசாங்க வேலையாக வந்தவர் எந்த வீட்டுக்கு வந்தாரோ அந்த வீட்டில்தான் சாப்பாடு. தகப்பனைக் கொண்டுபோக வந்த மனிதருக்கு மகள்தான் சமைக்க வேண்டும். முதலியார் யூஜீனியாவின் காதில் மெல்லச் சொன்னார்: "முள்ளுவாளை இருக்கா பிள்ளை?"

"இருக்கு ஐயா. முள்ளுக் கூடின மீன் எண்டு ஒருத்தரும் வாங்கயில்ல."

"அதையே ஆக்கு. சின்னத் துண்டாய் வெட்டு."

அவளுக்கு விளங்கிவிட்டது. அன்றைக்கு முதல் தடவையாக அவள் முகத்தில் ஒரு வெளிச்சம் வந்தது.

*

"இப்ப எங்க?" என்று சுஹைர் வண்டியில் ஏறிக்கொண்டு கேட்டான்.

முதலியார் கைலேஞ்சி முடிச்சை அவிழ்த்தார். "இது என்ன, சொல்லு."

"மரத்தூளா?"

"புத்தகம் அரிக்கிற பூச்சி போட்ட தூள். நடுத்தட்டில இருந்தது எல்லாம் பழைய புத்தகம், பூச்சி பிடிச்சது. குதிரையும் பழசு. மேல் தட்டில இருந்தது புதுசு. ஆகக் கள்வன் எழுத்தைப் பார்த்து எடுக்கயில்ல. பூச்சியைப் பார்த்து எடுத்தவன். எடுத்துட்டுத் தட்டையும் துடைச்சவன். உப்பு ஈரம் உள்ள கூடையில சுமந்துட்டுப் போனவன்."

சுஹைர் மாட்டின் கயிற்றைப் பிடித்தபடி யோசித்தான். "அது கள்வன் இல்ல முதலியார். அது மாமியார்."

"கிட்ட வந்துட்டாய். புத்தகம் போன நாளும் சோறு நிண்ட நாளும் ஒண்டு. சோறு வைக்கிற மனுசி ஆர்? உப்புக் கூடையோட திரியிற மனுசி ஆர்? நெத்தலி குவிஞ்சால் வீட்டுக்கு வர நேரமில்லாத மனுசி ஆர்?"

"கருவாட்டு வாடி அல்பொன்சா!" என்று சுஹைர் கத்தினான். கரையின் கடைசி முனையில், ஓலைக் கொட்டிலில் மீன் உலர்த்தி விற்கும் கைம்பெண் அவள். "யா அல்லாஹ்! அந்த மனுசி ஒரு மீன் முள்ளைக் கூடக் களவெடுக்காதே."

"நானும் களவு எண்டு சொல்லயில்லையே."

முனைவரைக்கும் வண்டி போகாது. கடைசித் துண்டை ஓடித்தான் கடந்தார்கள். வெயில் மணலில் கொதித்தது. வாடியை நெருங்கும்போதே கருவாட்டு மணம் வந்து வரவேற்றது. சுஹைர் முன்னால் ஓடியவன் சட்டென்று நின்றான்.

பரண்களில் நெத்தலி வெள்ளிபோலப் பரந்து கிடந்தது. அதை அடுத்த பரணில், வயிறு கீறி விரித்த மீன்களைப் போல, வரிசையாகப் புத்தகங்கள் விரிந்து கிடந்தன. அல்பொன்சா ஒவ்வொன்றாகத் தாள் புரட்டி, ஒரு சிட்டிகை உப்புத் தூவி, மறுபக்கம் திருப்பிப் போட்டுக்கொண்டிருந்தாள். மீனைத் திருப்புகிற அதே கை, அதே கவனம்.

"வாங்க முதலியார் ஐயா," என்று அவள் வியர்வையைத் துடைத்தாள். "நல்ல வெயில். இண்டைக்குப் பதமாகிடும்."

"முதலியார்," என்று சுஹைர் மெதுவாகச் சொன்னான், "கிரேக்க ஞானம் கருவாடாயிட்டுது."

"பிள்ளை, இதை ஏன் எடுத்தாய்?"

"பூச்சி ஐயா! சோறு வைக்கப் போற நேரம் பார்த்தன், அலுமாரிக்குக் கீழ தூள் தூளாக் கொட்டிக் கிடக்கு. கருவாட்டில பூச்சி விழுந்தால் நாங்க உப்புப் போட்டு ரெண்டு வெயில் காட்டுவம், அந்தப் பக்கம் பூச்சி தலை வைக்காது. தாளும் அப்படித்தானே எண்டு நினைச்சன். செவ்வாய்க்கிழமை காலையில எடுத்தன், அதோட நெத்தலி வந்திட்டுது. வாடியை விட்டு அசைய ஏலாமப் போச்சு. ஐயாவுக்குச் சோறு கூட வைக்கயில்ல; மனசு சரியில்ல."

"ஒருத்தரிட்டயும் சொல்லாமலா எடுத்தாய்?"

"சொல்லாமலா?" அல்பொன்சாவின் கண் விரிந்தது. "ஐயாவைக் கேட்டுத்தான் எடுத்தன்! எழுதிக்கொண்டிருந்தார். ஐயா, புத்தகத்தைக் காயப் போடட்டா எண்டு கேட்டன். ஓம் ஓம் எண்டார். உப்புப் போடட்டா எண்டன். ஓம் ஓம், நல்லாப் போடு எண்டார். என்ன நடந்தது?"

நடந்ததை முதலியார் சொன்னார். உபதேசியாரைக் கொண்டுபோகிறார்கள் என்று கேட்டதும் அவள் கை உப்பை அப்படியே கீழே விட்டுவிட்டது.

"ஐயோ மாதாவே! நான் நல்லது எண்டு செய்ய… புத்தகக்கார ஐயா எனக்குச் செய்ததுக்கு நான் வேற என்னத்தைத் திருப்பிச் செய்ய ஏலும்? என்ட மனுசன் கடலில போன மழை காலம், ஊரெல்லாம் வந்து அழுதிட்டுப் போச்சுது. கொட்டில் ஒழுகினதை ஒருத்தரும் பார்க்கயில்ல. இவர் வந்து, ஒண்டும் கதைக்காம, என்ட பிள்ளைக்கு மேல குடை பிடிச்சிட்டு நிண்டார் ஐயா. மழை விடும் வரைக்கும். ஒரு கையில குடை, மற்றக் கையில புத்தகம்."

சுஹைர் பரணடிக்குப் போனான். கூடையை எடுத்துப் புத்தகங்களை அடுக்கத் தொடங்கினான்.

*

உபதேசியார் வீட்டில் விதானையார் இலையின் கடைசி மூலைக்கு வந்திருந்தார். முள்ளுவாளை தன் கடமையைச் செய்திருந்தது. இலையோரத்தில் முள் ஒரு குன்றாகக் குவிந்திருந்தது. முற்றத்தில் பாதி ஊர் நின்றது. உபதேசியார் விதானையாரின் வண்டியில் ஏறிப் பொட்டலத்தோடு குந்தியிருந்தார். சாட்சி சொல்ல வந்த பேராசிரியர் வேலியோரம் தனியாக நின்றார்.

அல்பொன்சாவையும் ஏற்றிக்கொண்டு சுல்தான் மூச்சிரைக்க வந்து நின்றதும் கருவாட்டு மணமும் கூடவே வந்து இறங்கியது.

"புத்தகம்!" என்று பேராசிரியர் பாய்ந்து வந்தார். முதலியார் ஒன்றை எடுத்து அவர் கையில் கொடுத்தார். திறந்ததும் உப்பு பொலபொலவென்று அவர் காலில் கொட்டியது. தாள்கள் அப்பளம்போல விறைத்து நெளிந்திருந்தன. ஆனால் எழுத்து அழியவில்லை. அவர் ஒரு தாளைப் புரட்டினார், இன்னொன்றைப் புரட்டினார், உதடு அசைந்தது. அந்த இடத்திலேயே வாசிக்கத் தொடங்கிவிட்டார்.

முதலியார் குரலை உயர்த்தவில்லை. சாதாரணமாகக் கேட்டார்.

"ஐயா, உபதேசியாரைக் கடலில தள்ளிவிடட்டா?"

"ஓம் ஓம்," என்றார் பேராசிரியர்.

"விதானையாரையும் சேர்த்துத் தள்ளட்டா?"

"ஓம் ஓம், நல்லாத் தள்ளுங்க."

முற்றம் முழுவதும் கொல்லென்று சிரித்தது. விதானையார் கறிக்கையோடு எழுந்தே விட்டார். பேராசிரியர் திகைத்து நிமிர்ந்தார். எல்லோரும் தன்னைப் பார்ப்பதைக் கண்டார்.

"இப்படித்தான் ஐயா, அல்பொன்சா உங்களிட்டக் கேட்டு எடுத்தவள்," என்றார் முதலியார். அவர் மட்டும் சிரிக்கவில்லை. "பூச்சி அரிச்ச புத்தகத்தைக் காயப்போடக் கேட்டவள். உப்புப் போடவும் கேட்டவள். உங்களுக்குச் சோறு வைக்கிறவளும் இவள்தான்."

பேராசிரியர் அல்பொன்சாவைப் பார்த்தார். முதல் தடவையாகப் பார்ப்பதுபோலப் பார்த்தார். அவள் தலையைக் குனிந்து, "தாள் சுருங்கிட்டுது ஐயா. மீனில அப்படி வாறது இல்ல," என்றாள்.

பேராசிரியர் நெளிந்த தாளை விரலால் நீவினார். புத்தகத்தை மூடினார். பிறகு விதானையாரின் வண்டியண்டை போய் நின்றார்.

"உபதேசியார், இந்தப் புத்தகத்தில ஒரு கிழவர்ட கதை இருக்கு. ஏதென்ஸ் பட்டணத்துக் கடைத்தெருவில ஆக்களைக் கேள்வி கேட்டுத் திரிஞ்சவர். செய்யாத குற்றத்தை அவர் மேல சுமத்தினாங்க. ஒவ்வொரு வருசமும் அந்தப் பாடம் வரேக்க நான் வகுப்பில கண் கலங்குவன். பொடியன்கள் சிரிப்பாங்க." அவர் புத்தகத்தை வண்டித் தட்டில் வைத்தார். "பாருங்க, எவ்வளவு தூரத்தில இருக்கிற அநியாயம் எனக்குத் தெரிஞ்சிருக்கு. இறங்குங்க. என்னை மன்னிச்சு இறங்குங்க."

அவர் கையை நீட்டினார். உபதேசியார் அந்தக் கையைப் பிடித்து இறங்கினார். யூஜீனியா ஓடிவந்து தகப்பனின் பொட்டலத்தை வாங்கிக்கொண்டாள். கூட்டத்தில் இருந்த பெண்களில் சிலர் மூக்கைச் சிந்தினார்கள்.

"நானும் உங்களுக்கு நட்டம் வர வேணும் எண்டுதானே கேட்டன்," என்றார் உபதேசியார். "நீங்களும் மன்னிக்கோணும்." கொஞ்சம் தயங்கினார். "அந்தக் கிழவர்… அவரை விட்டுட்டாங்களா?"

"இல்ல. நஞ்சு குடிக்கக் குடுத்துக் கொன்றுட்டாங்க."

"ஐயோ. பேசாமக் குடிச்சாரா?"

"குடிச்சார். அழுத சிநேகிதரைத் தேற்றிட்டுக் குடிச்சார்."

உபதேசியாரின் கண் நிறைந்தது. சற்று முன்பு வரைக்கும் செய்யாத குற்றத்துக்காக வண்டியில் குந்தியிருந்த மனிதர் அல்லவா? "அவருக்காக ஆரும் மன்றாடினாங்களா?"

பேராசிரியர் இந்தக் கேள்வியை எந்தப் புத்தகத்திலும் வாசித்ததில்லை. "தெரியாது," என்றார்.

"பெயர் என்ன?"

பேராசிரியர் பெயரைச் சொன்னார். உபதேசியார் இரண்டு தரம் சொல்லிப் பார்த்தார். நாக்கில் புரளவில்லை.

"பரவாயில்ல. ஆண்டவருக்குத் தெரியும். அஞ்ஞானிக்குச் செபமா எண்டு சுவாமியார் ஏசினால் ஏசட்டும்."

வண்டிச் சக்கரத்தின் பக்கத்தில், மணலிலேயே, அவர் முழங்காலில் நின்று சிலுவை அடையாளம் வரைந்தார். பக்கத்தில் பேராசிரியர் முழந்தாளிட்டார். அல்பொன்சா, யூஜீனியா, முதலியார் என்று ஒவ்வொருவராக முழங்காலில் நின்றார்கள். விதானையார் இன்னும் கை கழுவவில்லை. ஒரு கணம் தடுமாறினார். கறிக்கையை உயரப் பிடித்தபடி அவரும் முழந்தாளிட்டார்.

சுஹைருக்கு அந்தச் செபம் தெரியாது. ஏதாவது பகிடி விடலாமா என்று தேடிப் பார்த்தான், ஒன்றும் அகப்படவில்லை. தொப்பியைச் சரிசெய்துகொண்டு, இரண்டு கையையும் ஏந்தி, கடலுக்கு அப்பால் எப்போதோ செத்துப்போன அந்தக் கிழவருக்காகத் தன் பங்குக்கு ஒரு துஆ கேட்டான்.